மறுமதிப்பீட்டு முடிவு வரவில்லையா? சட்டப்படி என்ன செய்யலாம்: மாணவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

ஒரு பேப்பரில் பெயில் என்று ரிசல்ட் வருகிறது. விடைத்தாள் நகல் வாங்கிப் பார்த்து, மறுமதிப்பீட்டுக்குப் பணமும் கட்டியாகிவிட்டது. இரண்டு மாதம் ஆகியும் இணையதளத்தில் ‘முடிவுகள் பின்னர் அறிவிக்கப்படும்’ என்ற ஒரே வரிதான் நிற்கிறது. அரியர் தேர்வுக்குக் கட்டணம் கட்டும் கடைசி நாள் நெருங்குகிறது. வேலைக்கு எடுத்த கம்பெனி டிகிரி சான்றிதழ் எங்கே என்று மெயில் அனுப்புகிறது.

நான் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் வழக்கறிஞர். ஆனால் இந்த அவஸ்தையை முதலில் பட்டது மாணவனாகத்தான். இறுதியாண்டில் ஒரு பேப்பருக்கு மறுமதிப்பீடு போட்டேன். முடிவு வர ஐந்து மாதம் ஆனது. பாஸ்தான். ஆனால் அதற்குள் அந்த ஆண்டின் மேற்படிப்புச் சேர்க்கை முடிந்துவிட்டது. யாரிடம் போய் எதைக் கேட்பது என்று அன்று சொல்ல எனக்கு ஆள் இல்லை. இப்போது மாணவர்கள் என்னிடம் கேட்கும் கேள்விகளையும் நான் சொல்லும் பதில்களையும் இங்கே தொகுத்திருக்கிறேன்.

மறுமதிப்பீடு என் உரிமையா, பல்கலைக்கழகம் மனது வைத்துச் செய்யும் சலுகையா?

உங்கள் பல்கலைக்கழகத்தின் தேர்வு விதிகளில் மறுமதிப்பீடு இருந்தால் அது உரிமை. இல்லாவிட்டால் கேட்க முடியாது. மகாராஷ்டிர மாநில இடைநிலைக் கல்வி வாரியம் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் 1984-இல் சொன்னதன் சாரம் இதுதான். அதன் பிறகு வந்த தீர்ப்புகளும் இதே வழியில்தான் போகின்றன.

தமிழ்நாட்டில் பெரும்பாலான மாணவர்களுக்கு இது பிரச்சினை இல்லை. மறுகூட்டல், விடைத்தாள் நகல், மறுமதிப்பீடு என்று கட்டணத்தோடு அறிவிப்பே வருகிறது. அறிவிப்பு கொடுத்து, பணமும் வாங்கிக்கொண்ட பிறகு, ‘இது சலுகைதான், எப்போது முடியுமோ அப்போது தருவோம்’ என்று பல்கலைக்கழகம் சொல்ல முடியாது.

மார்க் விஷயத்தில் கோர்ட் தலையிடாது என்கிறார்களே? அப்புறம் எதற்கு அலைய வேண்டும்?

இந்த ஒரு கேள்வியில்தான் பலரும் வழி தவறுகிறார்கள். ‘எனக்குக் குறைவாக மார்க் போட்டுவிட்டார்கள்’ என்பது ஒரு புகார். ‘என் விண்ணப்பத்தின் மீது இன்னும் முடிவெடுக்கவில்லை’ என்பது வேறொரு புகார். சட்டம் இரண்டையும் ஒரே கண்ணால் பார்ப்பதில்லை.

முதல் புகாரில் நீதிமன்றம் மிகவும் தயங்கும். ரண் விஜய் சிங் வழக்கில் 2017 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் எல்லைக் கோட்டைத் தெளிவாகப் போட்டது. மறுமதிப்பீட்டுக்கு விதி இருந்தால் அதன்படி நடக்கலாம். விதி இல்லாத இடத்தில், விளக்கமோ ஊகமோ தேவைப்படாத அளவுக்குப் பிழை அப்பட்டமாகத் தெரிந்தால் மட்டும், அபூர்வமாக உத்தரவிடலாம். நீதிபதியே விடைத்தாளைத் திருத்தக் கூடாது. சந்தேகம் வந்தால் அதன் பலன் தேர்வு நடத்தியவருக்கே போகும்.

இரண்டாவது புகாரில் அந்தத் தயக்கத்துக்கு வேலையே இல்லை. பதில் சரியா தப்பா என்று நீங்கள் நீதிமன்றத்தைக் கேட்கவில்லை. செய்வதாகச் சொல்லிப் பணம் வாங்கிய வேலையை ஒரு தேதிக்குள் முடிக்கச் சொல்லுங்கள் என்றுதான் கேட்கிறீர்கள். ஆகவே கடிதமோ, புகாரோ, உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவோ, எதை எழுதினாலும் மார்க்கைக் கேட்காதீர்கள், முடிவைக் கேளுங்கள். ‘எனக்கு 50 மார்க் வழங்க உத்தரவிட வேண்டும்’ என்று எழுதிய மனு அந்த வரியிலேயே பலமிழந்துவிடும். ‘என் விண்ணப்பத்தின் மீது இரண்டு வாரத்துக்குள் முடிவை வெளியிட உத்தரவிட வேண்டும்’ என்று எழுதிய மனுவுக்கு மறுப்புச் சொல்லப் பல்கலைக்கழகத் தரப்பு ரொம்பவும் திணற வேண்டியிருக்கும்.

எத்தனை நாள் ஆனால் ‘தாமதம்’ என்று சொல்லலாம்?

தேர்வு விதிகள், அந்தப் பருவத்தின் மறுமதிப்பீட்டு அறிவிப்பு, கல்வி நாட்காட்டி ஆகிய மூன்றையும் முதலில் பாருங்கள். ஏதாவது ஒன்றில் நாள் கணக்கு இருந்தால் வேலை சுலபம். அந்த நாளைத் தாண்டியதுமே தாமதம்தான். மகாராஷ்டிரத்தில் 2016-ஆம் ஆண்டின் பொதுப் பல்கலைக்கழகச் சட்டமே தேர்வு முடிவுகளை 30 நாளில், போனால் 45 நாளுக்குள் வெளியிட வேண்டும் என்கிறது. எல்லா மாநிலச் சட்டத்திலும் இப்படி வெளிப்படையாக இருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும்.

எங்குமே நாள் சொல்லவில்லையா? அப்போது ‘நியாயமான காலத்துக்குள்’ என்ற பொது விதி வரும். காலக்கெடு எழுதப்படாத கடமையையும் நியாயமான காலத்துக்குள் செய்தாக வேண்டும் என்பது நிலைபெற்ற சட்டம். எது நியாயமான காலம்? அதை உங்கள் நிலைமையோடு சேர்த்துத்தான் பார்ப்பார்கள். அடுத்த அரியர் தேர்வுக்கு முன்பே முடிவு வராவிட்டால் மறுமதிப்பீடு என்ற ஏற்பாட்டுக்கே அர்த்தம் இல்லாமல் போகிறது. என் அனுபவத்தில் இதைவிட எளிதில் எடுபடும் வாதம் இல்லை.

முதலில் எதைச் செய்ய வேண்டும்?

ஒரு கடிதம். போன் இல்லை, நேரில் போய்க் கெஞ்சுவதும் இல்லை. தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலர் பெயருக்கு, பதிவாளருக்கும் கல்லூரி முதல்வருக்கும் நகல் போட்டு, ஒரே பக்கத்தில் எழுதுங்கள். இப்படி இருந்தால் போதும்:

‘ஐயா, நான் (பதிவு எண்) கொண்ட மாணவி. (பருவம், ஆண்டு) தேர்வில் (பாடத்தின் பெயர், குறியீடு) தாளுக்கு (தேதி) அன்று மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்து, ரூ. (தொகை) செலுத்தினேன். ரசீது நகல் இணைத்துள்ளேன். இன்றுடன் (எத்தனை) நாட்கள் ஆகியும் முடிவு வெளியாகவில்லை. (தேதி) அன்று மேற்படிப்புச் சேர்க்கைக்கு மதிப்பெண் பட்டியல் தர வேண்டியுள்ளது. ஆகவே இக்கடிதம் கிடைத்த 10 நாட்களுக்குள் முடிவை வெளியிட வேண்டுகிறேன். இயலாவிட்டால், முடிவு வெளியாகும் தேதியையும் தாமதத்துக்கான காரணத்தையும் எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டுகிறேன்.’

ஊர் பக்கத்தில் என்றால் இரண்டு பிரதி எடுத்துக்கொண்டு பல்கலைக்கழகத் தபால் பிரிவுக்கே போங்கள். ஒன்றைக் கொடுத்துவிட்டு, மற்றொன்றில் முத்திரை வாங்குங்கள். முத்திரை குத்தியதும் அங்கேயே நின்று பாருங்கள். ஊதா மை காய்ந்துபோன பேடில் குத்தியிருப்பார்கள். பல்கலைக்கழகப் பெயர் தெரியும், தேதி மட்டும் மசங்கலாக இருக்கும். ‘சார், தேதியைப் பேனாவில் போட்டு ஒரு இனிஷியல் வைத்துத் தாருங்கள்’ என்று கேளுங்கள். சலித்துக்கொண்டாலும் போட்டுத் தருவார்கள். அப்படிப் பேனாவில் எழுதிய ஒரு தேதியை வைத்து மட்டுமே, ‘கடிதம் வரவே இல்லை’ என்று வந்த பதிலை ஒரு மாணவிக்காக நீதிமன்றத்தில் உடைத்திருக்கிறேன். நேரில் போக முடியாதவர்கள் ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி, ரசீதையும் டெலிவரி ஆனதைக் காட்டும் டிராக்கிங் பக்கத்தையும் பத்திரமாக வையுங்கள். கூடவே அதிகாரபூர்வ மின்னஞ்சலுக்கும் ஒரு பிரதி போகட்டும்.

நேரில் போனால் ‘வெப்சைட்டைப் பாருங்கள்’ என்று அனுப்பிவிடுவார்கள். வாயால் சொன்ன பதில் எதுவும் பின்னால் உதவாது. அலைந்த நாட்களின் கணக்கையாவது ஒரு நோட்டில் தேதியோடு குறித்து வையுங்கள்.

கல்லூரிக்குள்ளேயே புகார் கொடுக்க வழி இருக்கிறதா?

இருக்கிறது. ஆனால் பலருக்குத் தெரிவதில்லை. பல்கலைக்கழக மானியக் குழு, அதாவது யு.ஜி.சி., 2023 ஏப்ரலில் மாணவர் குறைதீர்ப்பு ஒழுங்குமுறைகளை வெளியிட்டது. அதன்படி ஒவ்வொரு உயர்கல்வி நிறுவனத்திலும் மாணவர் குறைதீர்ப்புக் குழு இருக்க வேண்டும். கல்வி நாட்காட்டியில் சொன்ன காலத்தைத் தாண்டித் தேர்வு நடத்துவதும் முடிவு வெளியிடுவதும் ‘குறை’ என்றே அதில் எழுதப்பட்டிருக்கிறது. மதிப்பீட்டில் வெளிப்படைத்தன்மை இல்லாததும் அந்தப் பட்டியலில் உண்டு.

புகார் வந்த 15 வேலை நாட்களுக்குள் குழு தன் அறிக்கையைத் தர வேண்டும். அதில் திருப்தி இல்லாவிட்டால் 15 நாட்களுக்குள் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். ஓம்புட்ஸ்மேன் என்று சொல்கிறார்களே, அவர்தான். ஓய்வுபெற்ற துணைவேந்தரோ, பேராசிரியரோ, முன்னாள் மாவட்ட நீதிபதியோ அந்தப் பொறுப்பில் இருப்பார். அவர் 30 நாட்களுக்குள் தீர்க்க வேண்டும்.

ஆனால் அந்த ஒழுங்குமுறையிலேயே ஒரு தடுப்பும் இருக்கிறது. ‘என் தாளை மறுமதிப்பீடு செய்யுங்கள்’, ‘மறுபடி கூட்டிப் பாருங்கள்’ என்ற கோரிக்கையைக் குறைதீர்ப்பாளர் எடுத்துக்கொள்ள மாட்டார். முடிவைப் பாதித்த குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ காட்டினால்தான் எடுப்பார். நான் மேலே சொன்னது இங்கேயும் பொருந்துகிறது. தாமதத்தைப் பற்றி எழுதுங்கள், மார்க்கைப் பற்றி வேண்டாம்.

சரி, இதெல்லாம் நடைமுறையில் வேலை செய்கிறதா? சில இடங்களில் குழு இணையதளத்தில் பெயர்ப் பட்டியலாக மட்டும்தான் இருக்கிறது. இருந்தாலும் புகாரைப் போட்டுவையுங்கள். ‘உள்ளே இருக்கும் வழியை முதலில் பயன்படுத்தினீர்களா?’ என்று நாளைக்கு நீதிமன்றம் கேட்டால் காட்ட ஒரு காகிதம் இருக்கும். யு.ஜி.சி.யின் இ-சமாதான் தளத்திலும் புகாரைப் பதியலாம்.

ஆர்.டி.ஐ. போட்டால் பயன் உண்டா? எப்படிக் கேட்பது?

மிகவும் உண்டு. ஆர்.டி.ஐ. என்பது தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் போடும் விண்ணப்பம். 10 ரூபாய் செலவில் இவ்வளவு வேலை செய்யும் வேறு கருவி மாணவர் கையில் இல்லை. சி.பி.எஸ்.இ. எதிர் ஆதித்ய பந்தோபாத்யாய் வழக்கில் 2011 ஆகஸ்ட் 9 அன்று, திருத்தப்பட்ட விடைத்தாளும் தகவல்தான், எழுதியவர் அதைப் பார்க்கவும் நகல் வாங்கவும் உரிமை உள்ளவர் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. திருத்தியவர் பெயர் மட்டும் கிடைக்காது. அது நியாயமும்கூட.

அந்தத் தீர்ப்பிலேயே கவனிக்க வேண்டிய இன்னொரு விஷயம், விடைத்தாளை எவ்வளவு காலம் வைத்திருக்க விதி சொல்கிறதோ அதுவரைதான் இந்த உரிமை. அதன் பிறகு அழித்துவிட்டால் ஒன்றும் செய்ய முடியாது. எனவே நாள் கடத்தாதீர்கள்.

விண்ணப்பத்தில் ‘ஏன் தாமதம்?’ என்று கேட்காதீர்கள். ஆவணமாக இருக்கும் தகவலைத்தான் தர வேண்டும், விளக்கம் சொல்லத் தேவையில்லை என்று திருப்பிவிடுவார்கள். இப்படிக் கேளுங்கள்: என் விண்ணப்பம் தேர்வுப் பிரிவுக்கு வந்த தேதி என்ன? விடைத்தாள் மறுமதிப்பீட்டாளருக்கு அனுப்பப்பட்ட தேதி, திரும்பி வந்த தேதி என்ன? மறுமதிப்பீட்டுக்குக் காலக்கெடு விதிக்கும் விதி அல்லது சுற்றறிக்கையின் நகல் வேண்டும். இந்த விண்ணப்பம் இப்போது எந்தப் பிரிவில், எந்தப் பதவியில் உள்ளவரிடம் இருக்கிறது? என் விடைத்தாளின் சான்றிட்ட நகல் வேண்டும்.

இதில் இரண்டாவது கேள்விதான் எல்லாவற்றையும் வெளியே கொண்டுவரும். பல நேரம் தாள் கட்டிலிருந்தே எடுக்கப்பட்டிருக்காது. இந்தக் கேள்வி போன பிறகுதான் யாரோ போய்த் தேடி எடுப்பார்கள். மாணவர்களுக்கு ஆர்.டி.ஐ.க்குப் பதில் வருவதற்கு முன்பே ரிசல்ட் வந்துவிடுவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன்.

தமிழ்நாட்டில் வெள்ளைத் தாளில் எழுதி, 10 ரூபாய் கோர்ட் ஃபீஸ் ஸ்டாம்ப் ஒட்டி, பொதுத் தகவல் அலுவலருக்கு அனுப்பினால் போதும். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால், அல்லது வந்த பதில் மழுப்பலாக இருந்தால், அடுத்த 30 நாளுக்குள் அதே பல்கலைக்கழகத்தின் மேல்முறையீட்டு அலுவலருக்கு முதல் மேல்முறையீடு. அதுவும் சரிவராவிட்டால் 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம். தகவல் அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய், அதிகபட்சம் 25,000 ரூபாய் வரை அபராதம் போட ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. ஆனால் ஆணையம் வரை போனால் மாதக்கணக்கில் ஆகும். அவசரக்காரர்கள் அதற்காகக் காத்திருக்கக் கூடாது.

இன்னொரு எச்சரிக்கை. மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்க ஒரு வாரம், பத்து நாள்தான் அவகாசம் தருவார்கள். ஆர்.டி.ஐ.யில் நகல் வாங்கிப் பார்த்துவிட்டு விண்ணப்பிக்கலாம் என்று இருந்தால் கடைசித் தேதி போய்விடும். விண்ணப்பிக்கும்போது பல்கலைக்கழகம் சொல்லும் வழியிலேயே பணம் கட்டி நகல் வாங்குங்கள்.

நகலைப் பார்த்தேன். ஒரு கேள்வியைத் திருத்தவே இல்லை. இதற்கும் மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டுமா?

வேண்டாம். இது வேறு வகை. ஒரு மாணவர் கொண்டுவந்த நகல் இன்னும் என் கண்ணிலேயே நிற்கிறது. பதின்மூன்று மார்க் கேள்வி ஒன்றுக்கு மூன்று பக்கம் எழுதியிருந்தார். இரண்டு தாள் சேர்ந்து ஒட்டிக்கொண்டிருந்ததோ என்னவோ, அந்தப் பக்கங்களில் ஒரு டிக் இல்லை, ஒரு கோடு இல்லை, சிவப்பு மையே படவில்லை. முதல் பக்கத்துக் கட்டத்தில் அந்தக் கேள்வி எண்ணுக்கு நேராக வெறும் குறுக்குக் கோடு, ‘எழுதவில்லை’ என்ற அர்த்தத்தில். அவருக்குப் பாஸ் ஆகத் தேவைப்பட்டது ஆறு மார்க்.

உச்ச நீதிமன்றம் சொன்ன ‘ஊகம் தேவைப்படாத பிழை’ என்பது இதுதான். பாடம் தெரியாத ஒருவர் பார்த்தாலும் தெரியும். கூட்டல் தவறும், உள்பக்க மார்க் முகப்புக் கட்டத்துக்கு வராமல் போவதும் இதே வகை. இப்படி இருந்தால் தனிக் கடிதம் எழுதுங்கள். பக்க எண், கேள்வி எண் போட்டு, அந்தப் பக்கத்தின் நகலை வட்டமிட்டு இணையுங்கள். பதில் நன்றாக இருக்கிறது என்று ஒரு வரிகூட எழுதாதீர்கள், ‘திருத்தப்படவில்லை’ என்பது மட்டும் போதும். நான் பார்த்தவரை இப்படிப்பட்ட கடிதத்துக்குப் பதில் சீக்கிரம் வருகிறது.

உயர் நீதிமன்றம் போவது எப்போது? அங்கே என்ன நடக்கும்?

கடிதம் கொடுத்து இரண்டு, மூன்று வாரம் பதில் இல்லை, உங்கள் முன்னால் ஒரு கடைசித் தேதியும் நிற்கிறது என்றால் போகலாம். அரசமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவின் கீழ் ரிட் மனு. கேட்பது செயலுறுத்தும் நீதிப்பேராணை, நீதிமன்றப் பேச்சில் மாண்டமஸ். சட்டப்படி செய்ய வேண்டிய கடமையைச் செய்யச் சொல்லும் உத்தரவு அது. அதைக் கேட்பதற்கு முன் நீங்கள் அதிகாரியிடம் கேட்டிருக்க வேண்டும், அவர் செய்யாமல் இருந்திருக்க வேண்டும். முத்திரை வாங்கிய அந்தக் கடிதப் பிரதி இங்கேதான் உதவும்.

மதுரை, திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலி, கன்னியாகுமரி போன்ற தென்மாவட்டப் பக்கம் என்றால் மதுரைக் கிளை. சென்னை, கோவை, சேலம், வேலூர்ப் பக்கம் என்றால் சென்னை. பதிவாளரையும் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலரையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்ப்போம். கல்லூரியையும் சேர்ப்பது நல்லது.

மனு பட்டியலில் வந்ததும் பல்கலைக்கழகத்தின் வழக்கறிஞர் எழுந்து ‘தகவல் கேட்டுச் சொல்கிறேன்’ என்று ஒரு வாரம் வாங்குவார். பெரும்பாலும் அந்த ஒரு வாரத்தில்தான் காரியம் நடக்கிறது. அவர் தேர்வுப் பிரிவுக்குப் போன் செய்து கேட்பார், அங்கே கோப்பு நகரும். நகராவிட்டால் ‘மனுதாரரின் விண்ணப்பத்தை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிக்க வேண்டும்’ என்று நீதிமன்றம் உத்தரவிட்டு மனுவை முடித்துவைக்கும். மாணவர்கள் சிலர் ‘இவ்வளவுதானா?’ என்று முகம் வாடுவார்கள். நீங்கள் தேடி வந்தது அந்தத் தேதியைத்தானே. இனி அந்தத் தேதி தவறினால் அது நீதிமன்ற அவமதிப்பு. அவமதிப்பு மனுவை ஒரு வருடத்துக்குள் போட வேண்டும். அதுவரை யாரும் காத்திருப்பதில்லை, மனுத் தயாராகிறது என்ற நோட்டீஸுக்கே ரிசல்ட் வந்துவிடும்.

நாளைக்குக் கவுன்சலிங், இன்று மாலை கடைசி என்ற நிலைமை என்றால் ‘லஞ்ச் மோஷன்’ என்று ஒரு வழி உண்டு. காலையில் நீதிபதி முன் அவசரத்தைச் சொல்லி அனுமதி வாங்கினால் அன்று பிற்பகலே மனு விசாரணைக்கு வரும். ஆனால் இரண்டு மாதம் சும்மா இருந்துவிட்டுக் கடைசி நாள் ஓடி வந்தால், ‘இத்தனை நாள் எங்கே போனீர்கள்?’ என்ற கேள்விக்குப் பதில் வைத்திருக்க வேண்டும்.

எங்களுடையது நிகர்நிலைப் பல்கலைக்கழகம். தனியார் என்பதால் ரிட் போட முடியாதா?

போடலாம். எஸ்.ஆர்.எம். பல்கலைக்கழகம் தொடர்பான ஒரு பணிநீக்க வழக்கில் 2015 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், நிகர்நிலைப் பல்கலைக்கழகம் கல்வி என்ற பொதுப்பணியைச் செய்கிறது, அதனால் 226-வது பிரிவுக்கு உட்பட்டதுதான் என்று சொல்லிவிட்டது.

தன்னாட்சிக் கல்லூரி மாணவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். உங்களுக்குத் தேர்வு நடத்துவதும் திருத்துவதும் கல்லூரிதான், பட்டம் மட்டும்தான் பல்கலைக்கழகம் தருகிறது. கடிதம் கல்லூரியின் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்குப் போக வேண்டும். இது தெரியாமல் பல்கலைக்கழகத்துக்கு எழுதிவிட்டு ஒரு மாதத்தை வீணாக்கியவர்கள் இருக்கிறார்கள்.

நுகர்வோர் நீதிமன்றத்தில் நஷ்டஈடு கேட்கலாமா? பணம் கட்டித்தானே விண்ணப்பித்தோம்?

கேட்க முடியாது. பீகார் பள்ளித் தேர்வு வாரிய வழக்கில் 2009-இல் உச்ச நீதிமன்றம், தேர்வு நடத்துவது ‘சேவை’ அல்ல, தேர்வு எழுதுபவர் நுகர்வோரும் அல்ல, கட்டுவது சேவைக்கான விலையும் அல்ல என்று தீர்த்துவிட்டது. ரோல் எண் குளறுபடியால் ரிசல்ட் வராமல் போன மாணவரின் வழக்கு அது. எனக்கு இந்தத் தீர்ப்பில் மனம் ஒப்பவில்லை. ஒரு பேப்பருக்கு நூற்றுக்கணக்கில் கட்டணம் வாங்கிக்கொண்டு பொறுப்பு மட்டும் இல்லை என்பது எப்படிச் சரியாகும்? ஆனாலும் இன்றைய சட்டம் அதுதான். அந்தப் பக்கம் போய்ப் பணத்தையும் மாதங்களையும் தொலைக்காதீர்கள்.

வழக்குக்குச் செலவு செய்ய வசதி இல்லை.

சட்ட உதவி மையத்தைக் கேளுங்கள். 1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச வழக்கறிஞர் கிடைப்பார். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. சென்னையிலும் மதுரையிலும் உயர் நீதிமன்ற வளாகத்திலேயே சட்டப்பணிகள் குழு இருக்கிறது. 15100 என்ற எண்ணில் போனிலும் கேட்கலாம். மாணவிகள் பலர் இந்த உரிமை தங்களுக்கு உண்டு என்று தெரியாமலே நகையை அடகு வைத்துவிட்டு வருகிறார்கள். அதைக் காணும்போதெல்லாம் வருத்தமாக இருக்கிறது.

முடிவு வரும்வரை அரியர் எழுதாமல் இருக்கலாமா?

கூடவே கூடாது. அரியருக்குப் பணம் கட்டி, படித்து, போய் எழுதுங்கள். ‘மறுமதிப்பீட்டு முடிவுக்கு உட்பட்டு, என் உரிமையை விட்டுக்கொடுக்காமல் இத்தேர்வுக்கு விண்ணப்பிக்கிறேன்’ என்று ஒரு வரி எழுதித் தேர்வுப் பிரிவுக்கு அனுப்பிவிடுங்கள். வழக்கை நம்பி ஒரு பருவத்தை இழக்காதீர்கள்.

மேற்படிப்போ வேலையோ காத்திருக்கிறது என்றால், அந்தக் கல்லூரிக்கும் கம்பெனிக்கும் இப்போதே எழுதுங்கள். மறுமதிப்பீட்டு ரசீது, முத்திரையிட்ட கடிதம், இருக்கும் மதிப்பெண் பட்டியல்களை இணைத்து இத்தனை நாள் அவகாசம் வேண்டும் என்று கேளுங்கள். மனிதவளப் பிரிவில் இருப்பவர்களும் அரியர் பார்த்து வந்தவர்கள்தான், காகிதத்தைக் காட்டினால் பெரும்பாலும் இரங்குவார்கள். மறுத்துவிட்டால் அந்த மறுப்பு மெயிலை அழிக்காதீர்கள். உங்களுக்கு ஏற்படும் இழப்புக்கு நீதிமன்றத்தில் அதைவிட நல்ல சாட்சி கிடையாது. இடைக்கால உத்தரவு வாங்கி ‘தற்காலிகமாக’ சேரும் வழியும் உண்டுதான். ஆனால் பின்னால் பெயில் என்று வந்தால் அந்தச் சேர்க்கை நிற்காது என்பதை மனதில் வைத்துக்கொண்டு முடிவெடுங்கள்.

எங்கள் வகுப்பே காத்திருக்கிறது. சேர்ந்து செய்யலாமா?

சேர்ந்து செய்வதுதான் பலம். 2017-இல் மும்பைப் பல்கலைக்கழகம் விடைத்தாள்களை ஸ்கேன் செய்து கணினித் திரையில் திருத்தும் முறைக்குத் திடீரென்று மாறியது. முடிவுகள் மாதக்கணக்கில் தள்ளிப்போயின. மாணவர்கள் தெருவுக்கும் வந்தார்கள், உயர் நீதிமன்றத்துக்கும் போனார்கள். அந்த அக்டோபரில் துணைவேந்தரையே வேந்தர் பதவிநீக்கம் செய்தார். அந்த அளவுக்குப் போகாவிட்டாலும், முப்பது பேர் ஒரே நாளில் தனித்தனியாகக் கடிதம் கொடுத்து முத்திரை வாங்கினால் தேர்வுப் பிரிவு அதை ஒதுக்கிவிட முடியாது. ஒரே கடிதத்தில் முப்பது கையெழுத்து வேண்டாம். ஆளுக்கொரு கடிதமாக இருக்கட்டும்.

‘சீக்கிரம் முடித்துத் தருகிறேன், பாஸும் போட்டுத் தருகிறேன்’ என்று ஒருவர் பணம் கேட்கிறார்.

கொடுக்காதீர்கள். அண்ணா பல்கலைக்கழகத்தின் 2017 ஏப்ரல்–மே தேர்வுகளின் மறுமதிப்பீட்டில் பணம் வாங்கிக்கொண்டு மார்க் போட்டதாக லஞ்ச ஒழிப்புத் துறை 2018-இல் வழக்குப் பதிந்தது. அந்த ஒரு தேர்வுக்கு மட்டும் மறுமதிப்பீடு கேட்டவர்கள் 3 லட்சத்துக்கும் மேல். நேர்மையாகப் பாஸானவர்களும் அதற்குப் பிறகு சந்தேகப் பார்வையைச் சுமக்க வேண்டியதாயிற்று.

2018-இல் திருத்திய ஊழல் தடுப்புச் சட்டப்படி லஞ்சம் கொடுப்பதும் குற்றம். கட்டாயப்படுத்தி வாங்கியிருந்தால் 7 நாளுக்குள் புகார் கொடுத்தவருக்கு மட்டும் பாதுகாப்பு உண்டு. யாராவது கேட்டால் அந்த மெசேஜை அழிக்காமல் வைத்துக்கொண்டு லஞ்ச ஒழிப்புத் துறைக்குப் போங்கள்.

கேஸ் போட்டால் அடுத்த தேர்வில் பழிவாங்குவார்களோ?

இந்தப் பயத்தை எந்த மாணவரிடமும் நான் லேசாக எடுத்துக்கொள்வதில்லை. பருவத் தேர்வு விடைத்தாள்களில் பதிவு எண்ணை மறைத்து டம்மி எண் போட்டுத்தான் திருத்தக் கொடுப்பார்கள். யார் தாள் என்று திருத்துபவருக்குத் தெரியாது. அந்தப் பக்கம் பயம் வேண்டாம். அகமதிப்பீட்டு மார்க் கல்லூரியின் கையில் இருக்கிறது என்பது உண்மைதான். அதனால் இன்டர்னல் மார்க், வருகைப் பதிவு ஆகியவற்றின் நகலை அவ்வப்போது எடுத்து வையுங்கள். கடிதங்களில் யாரையும் தாக்கி எழுதாதீர்கள். ஒருவர் பெயரைச் சொல்லிக் குற்றம் சாட்டாமல், ‘முடிவு வெளியாகவில்லை’ என்று மட்டும் எழுதும் கடிதத்தின் மீது யாருக்கும் கோபம் வர இடமில்லை.

மனு நிலுவையில் இருக்கும்போதே ரிசல்ட் வந்துவிட்டது. பாஸ். இனி என்ன?

முதலில் உங்கள் வழக்கறிஞருக்குச் சொல்லுங்கள். கோரிய நிவாரணம் கிடைத்துவிட்டது என்று பதிவு செய்து மனுவை முடித்துக்கொள்வார். அடுத்து, இணையதளத்தில் பாஸ் என்று வந்ததோடு நிற்காதீர்கள். திருத்திய மதிப்பெண் பட்டியலுக்கும், இறுதியாண்டு என்றால் தற்காலிகச் சான்றிதழுக்கும் அன்றே விண்ணப்பியுங்கள். பழைய பட்டியலைத் திருப்பிக் கொடுக்கும் முன் ஒரு நகல் எடுத்துக்கொள்ளுங்கள். மறுமதிப்பீட்டில் மார்க் கூடினால் கட்டணத்தைத் திருப்பித் தர உங்கள் பல்கலைக்கழக விதியில் இடம் இருக்கிறதா என்றும் பாருங்கள். இருந்தால் ரசீதை இணைத்து, தபால் பிரிவில் முத்திரை வாங்கி, இன்னொரு கடிதம் கொடுங்கள்.